மறுகரைப் பாட்டு: தொலைந்த காலத்துக்குள் போகிறவர்களுக்கு ஒரு சடங்குப் பாட்டு கட்டுவது எப்படி

காலத்துக்குள் போகிற கதைகளைத் தமிழில் இப்போது நிறையப் பேர் எழுதுகிறார்கள். தொடர்கதை, ஒலி நாடகம், மேடை நாடகம் என்று எதை எடுத்தாலும் அதில் ஒரு குழு, நடக்காமலே போய்விட்ட ஒரு காலத்தைத் தேடிக் கிளம்புகிறது. கிளம்பும் முன் ஒரு சடங்கு, சடங்கில் ஒரு பாட்டு. அந்தப் பாட்டு வரும் இடத்தில்தான் பல கதைகள் தடுக்கி விழுகின்றன. பொருள் தெரியாத நாலு மந்திர ஒலிகள் வரும், இல்லாவிட்டால் காலத்தைப் பார்த்து உருகிக் கூப்பிடுகிற பத்து வரிகள் வரும். அந்தப் பாட்டை அப்படியே எடுத்துவிட்டாலும் கதைக்கு ஒன்றும் ஆகாது.

நானும் முதலில் அப்படித்தான் எழுதினேன். நண்பர்கள் சேர்ந்து செய்த ஓர் ஒலி நாடகத்துக்கு இருபத்துநாலு வரியில் ஒரு பாட்டு. ஒத்திகையில் எல்லோரும் நன்றாக இருக்கிறது என்றார்கள். ஒரு வாரம் கழித்துக் கூடியபோது ஒருவருக்கும் ஒரு வரிகூட நினைவில் இல்லை, எனக்கும் இல்லை. வாயில் நிற்காத பாட்டைக் கதைக்குள் இருக்கும் மனிதர்கள் மட்டும் தலைமுறை தலைமுறையாகப் பாடி வந்தார்கள் என்றால் யார் நம்புவார்கள்? அதற்குப் பிறகுதான் நம் ஊர்ச் சடங்குப் பாட்டுகளும் தொழில் பாட்டுகளும் எப்படிக் கட்டப்பட்டிருக்கின்றன என்று உட்கார்ந்து கேட்க ஆரம்பித்தேன். அதில் கற்றதை வைத்து ஒரு பாட்டைத் தொடக்கத்திலிருந்து கடைசி வரை இங்கே கட்டிக் காட்டுகிறேன். பாட்டும் சடங்கும் கற்பனை. அவை நிற்கிற மண்ணும், எடுத்தாளும் வழக்கங்களும் உண்மை.

முதலில் வேலை, அப்புறம் வரி

ஏற்றம் இறைக்கிறவர் பாடினால் எத்தனை சால் இறைத்தாயிற்று என்ற கணக்கு அந்தப் பாட்டுக்குள்ளேயே ஓடும். கரைவலை இழுக்கும்போது பாடுகிற அம்பாப் பாட்டில் முன்பாட்டுக்காரர் ஒரு வரி சொல்ல, மற்றவர்கள் 'ஏலேலோ' என்று வாங்கும் நொடியில் எல்லாக் கையும் ஒன்றாகக் கயிற்றை இழுக்கும். தாலாட்டு பிள்ளையைத் தூங்க வைக்கிறது, ஒப்பாரி அடைத்து நிற்கிற அழுகையை வெளியே கொண்டு வருகிறது. பாட்டை நிறுத்தினால் ஒரு வேலை நின்றுபோகும்.

ஆகவே முதல் வரியை எழுதும் முன்னால் ஒரு கேள்விக்குப் பதில் சொல்லுங்கள்: உங்கள் குழு இந்தப் பாட்டைப் பாடாமல் விட்டால் என்ன கெட்டுப்போகும்?

என் கதையில் பாட்டுக்கு மூன்று வேலை கொடுத்தேன். ஒன்று, போகிறவர்களுக்குக் காவல். இரண்டு, எத்தனை பேர் போனோம், எத்தனை பேர் இருக்கிறோம், எவ்வளவு நேரம் ஆயிற்று என்ற கணக்கு. மூன்றாவதுதான் காலத்துக்குள் போகிறவர்களுக்கே உரியது. வேறொரு காலத்துக்குள் நுழைந்தவருடைய நினைவு அங்கே மெல்ல மாறிவிடலாம். மாறியது அவருக்கே தெரியாது, ஏனென்றால் மாறிய நினைவை வைத்துத்தான் அவர் யோசிப்பார். அதைக் கண்டுபிடித்துச் சொல்ல ஏதாவது வேண்டும். கருவி எதையும் நான் வைக்கவில்லை. அந்த வேலையையும் பாட்டிடமே கொடுத்தேன்.

எந்த ஊர், எந்தப் பொழுது

"ஒரு பழங்கால நகரம்" என்று எழுதினால் பாட்டுக்குச் சொல் கிடைக்காது. ஓர் இடத்தைப் பிடித்துக்கொண்டால் சொல் தானாக வரும். நான் தனுஷ்கோடியை எடுத்தேன்.

1914-இல் பாம்பன் பாலம் திறந்த பிறகு சென்னையிலிருந்து ரயில் நேரே தனுஷ்கோடி வரை போனது. அங்கே இறங்கிக் கப்பல் ஏறினால் தலைமன்னார், அங்கிருந்து மறுபடி ரயிலில் கொழும்பு. ரயில் நிலையமும், தபால் நிலையமும், மாதா கோயிலும், கடைகளும், கப்பலுக்குக் காத்திருக்கும் கூட்டமுமாக இருந்த ஊர். 1964 டிசம்பர் 22 நள்ளிரவில் வந்த புயல் அதை அழித்தது. பாம்பனிலிருந்து வந்துகொண்டிருந்த பயணிகள் ரயிலையே அலை கொண்டுபோனது. நூற்றுக்கு மேற்பட்டவர்கள் அதில் இருந்தார்கள். மனிதர் வாழத் தகுதியில்லாத இடம் என்று அரசு அறிவித்தது. கூரை இல்லாத மாதா கோயிலும் ரயில் நிலையத்தின் சுவர்களும் இன்னும் மணலில் நிற்கின்றன.

என் கதையில் தேடப்படும் காலம், அந்தப் புயல் விலகிப்போன காலம். அங்கே நிலையத்தில் விளக்கு எரிகிறது, கப்பல் சங்கு கேட்கிறது.

அந்த மண் பாட்டுக்குக் கொடுத்தவற்றைச் சொல்கிறேன். அந்த நிலம் ஒரு மணல் நாக்கு. இரண்டு பக்கமும் கடல். பாக் நீரிணைப் பக்கம் அமைதியாகக் கிடப்பதைப் பெண்கடல் என்பார்கள், மன்னார் வளைகுடாப் பக்கம் சீறுவதை ஆண்கடல் என்பார்கள். இரண்டுக்கும் நடுவில் நின்று பாடுகிறவருக்கு இரண்டு காலத்துக்கு நடுவில் நிற்பதாகத் தனியாக விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

பொழுதும் அப்படியே. 1964 டிசம்பர், தமிழ்க் கணக்கில் குரோதி ஆண்டு மார்கழி. அறுபது ஆண்டுச் சுற்றில் குரோதி மறுபடி வந்தது 2024 சித்திரையில். அடுத்தது 2084. ஆக அதே பெயருள்ள ஆண்டின் அதே மார்கழியில்தான் வாசல் திறக்கும் என்று வைத்தேன். 'இணைக்கோள்கள் ஒன்றுகூடும் நாள்' என்று எதையாவது புதிதாகக் கற்பிக்க வேண்டியிருக்கவில்லை. நம் பஞ்சாங்கமே ஆண்டுகளைத் திரும்பி வரச் செய்கிறது. ஒரு ஆயுளில் ஒரு வாசல்தான் என்பதால் கதைக்கு ஒரு பதற்றமும் கூடவே வந்தது.

நெய்தல் நிலத்துக்கு இலக்கணம் சொல்லும் பொழுது எற்பாடு, அதாவது வெயில் சாய்கிற நேரம். உணர்ச்சி இரங்கல். எனவே பாட்டு எற்பாட்டில் தொடங்குகிறது. புயல் வந்த யாமம், அதாவது நள்ளிரவு, வருவதற்குள் முடிந்துவிட வேண்டும்.

பெயர் வைப்பது

முதல் எழுத்துப்படியில் 'இணைக் காலக்கோடு' என்று எழுதியிருந்தேன். நடித்தவர்கள் அந்த இடத்தில் ஒவ்வொரு முறையும் திக்கினார்கள். இல்லாத ஒரு காலத்தைப் பற்றிக் கடலோர மனிதர்கள் பேசினால் என்ன சொல்வார்கள் என்று யோசித்தேன். 'மறுகரை'. அங்கே போகிறவர்கள் மறுகரையார். பாட்டு, மறுகரைப் பாட்டு. பெயர் வாயில் வழுக்கிக்கொண்டு வர வேண்டும், அவ்வளவுதான்.

காப்பு

ஊர்த் திருவிழாவில் காப்பு கட்டுவதைப் பார்த்திருப்பீர்கள். மஞ்சள் நூல் கையில் ஏறிவிட்டால் விழா முடிந்து அவிழ்க்கும் வரை வெளியூர் போய்த் தங்கக் கூடாது. எல்லையைத் தாண்டாதே என்பதுதான் அந்த நூலின் பொருள். மறுகரையார் செய்வதோ எல்லையைத் தாண்டுவது. அவர்கள் கையில் காப்பு கட்டுவது எப்படிப் பொருந்தும்?

இந்த முரணில் சில நாள் நின்றேன். கடைசியில், போகிறவர்கள் யாருக்கும் காப்பு இல்லை, இந்தக் கரையில் நிற்கப்போகிற ஒருத்திக்குத்தான் காப்பு என்று வைத்தேன். அவள் பெயர் காப்புக்காரி. நாலு பேர் போகிறார்கள், அவள் ஐந்தாம் ஆள். அவர்கள் திரும்பும் வரை மணலை விட்டு நகரக் கூடாது. இப்படிச் செய்ததும், வெறும் வழியனுப்பலாக இருந்த காட்சி இரண்டு இடத்தில் ஒரே நேரத்தில் நடக்கும் காட்சியாகிவிட்டது. உங்கள் கதையிலும் உண்மையான ஒரு வழக்கத்தை எடுத்து, அதன் விதியை மதித்து, அது உங்கள் கதையோடு மோதும் இடத்தில் பொறுமையாக நில்லுங்கள். நல்ல யோசனை எனக்கு அங்கேதான் கிடைத்தது.

காப்பு வரிகள் நாலு திசைக்கு நாலு. திசைப் பெயரை வைக்கவில்லை, காற்றின் பெயரை வைத்தேன்:

வாடைக் காத்தே வாசல் கா
கொண்டக் காத்தே கூரை கா
சோழகமே சுவடு கா
கச்சானே கணக்குக் கா

வாடை வடக்கு, கொண்டல் கிழக்கு, சோழகம் தெற்கு, கச்சான் மேற்கு. படகில் போகிறவர்கள் நாள்தோறும் புழங்குகிற பெயர்கள். வரிக்கு வரி மோனை ஓடுவதைக் கவனியுங்கள்: வா-வா, கொ-கூ, சோ-சு, க-க. இதை அழகுக்காக மட்டும் வைக்கவில்லை. காற்றின் பெயர் நினைவிருந்தால் அது காக்க வேண்டிய பொருளும் கூடவே நினைவுக்கு வந்துவிடும். எழுதி வைக்காமல் பாடுகிறவர்களுக்கு மோனைதான் ஏடு.

ஒவ்வொரு வரியும் ஏழு எண்ணிக்கையில் முடிகிறது. தகிட தகதிமி, மூன்றும் நாலும். எட்டில் முடியும் நடை காதுக்கு நிறைவாக இருக்கும். ஏழில் ஒரு கால் எட்டு குறைந்தது போல, மணலில் கால் புதைந்து நடப்பது போல வரும். அந்தக் குறையை வேண்டுமென்றேதான் வைத்தேன். ஏன் என்பது பாட்டின் கடைசியில் தெரியும்.

தலைக்கணக்கு

கரைவலைக் கயிற்றில் முன்பாட்டும் பின்பாட்டும் மாறி மாறிப் போகும். வில்லுப்பாட்டில் தலைமைப் பாடகர் ஒன்று சொன்னால் பக்கத்தில் இருப்பவர் 'ஆமா' போடுவார். அந்த 'ஆமா' வராவிட்டால் பாடுகிறவருக்கே கால் தரையில் நிற்காது. இந்தப் பழக்கத்தைத் தலை எண்ணுவதற்கு மாற்றினேன்.

ஒண்ணாம் ஆளு எங்க நிக்கிற?
ஓலப் பொட்டி ஓரம் நிக்கிறேன்
ரெண்டாம் ஆளு எங்க நிக்கிற?
ரெயிலுப் பாத மேல நிக்கிறேன்
மூணாம் ஆளு எங்க நிக்கிற?
மூழ்காத வீட்டு முகப்புல நிக்கிறேன்
நாலாம் ஆளு எங்க நிக்கிற?
நங்கூரக் கயிறப் புடிச்சு நிக்கிறேன்
அஞ்சாம் ஆளு எங்க நிக்கிற?
அக்கரையே பாத்து நிக்கிறேன்

ஐந்தாம் பதில் காப்புக்காரியுடையது. மறுகரைக்குப் போன பிறகு அவள் குரல் அவர்களுக்குக் கேட்காது. ஆனாலும் கேள்வியைக் கேட்டுவிட்டு, பதில் வர வேண்டிய அளவு நேரம் சும்மா நிற்பார்கள். இந்தக் கரையில் அவளும் தன் முறை வரும்போது தனியாகப் பாடுவாள். ஒருவருக்கொருவர் கேட்காமல், இடம் மட்டும் விட்டுவைக்கிறார்கள். இந்த இடத்தை எழுதி முடித்தபோது எனக்கே தொண்டை அடைத்தது.

பாட்டில் இப்படி ஓர் இடைவெளி வைத்தால் கதைக்கு ஒரு கைப்பிடி கிடைக்கும். ஒரு சுற்றில், மறுகரையில் நிற்கும் நாலு பேரும் கேள்வியைப் பாடிவிட்டுக் காத்திருக்கும்போது, பதில் கேட்டுவிட்டால்? காப்பை அறுத்துக்கொண்டு அவள் இங்கே வந்துவிட்டாளா, அல்லது புயல் வராத இந்த ஊரில் இன்னொரு அவள் இருக்கிறாளா? ஒரு வார்த்தை விளக்கம் இல்லாமல் கேட்கிறவர் நிமிர்ந்து உட்காருவார்.

நேரத்தை அளப்பது

சங்க நூலான முல்லைப்பாட்டில் ஓர் இடம் உண்டு. பாசறையில் இரவு நேரம். பொழுதை அளக்கிறவர்கள் வந்து அரசனை வாழ்த்தி, இத்தனை நாழிகை ஆயிற்று என்று சொல்கிறார்கள். அவர்கள் அளக்கும் கருவியின் பெயர் குறுநீர்க் கன்னல். நேரம் சொல்வதே ஒரு வாழ்த்தாக, ஒரு குரல் வேலையாக நம்மிடம் இருந்திருக்கிறது.

நாழிகை வட்டிலில் ஒரு வகை, அடியில் சின்னத் துளை போட்ட கிண்ணம். நீர்மேல் வைத்தால் துளை வழியாக மெல்ல நீர் ஏறும், நிறைந்ததும் முழுகும். ஒரு முழுக்கு ஒரு நாழிகை, 24 நிமிடம். அறுபது நாழிகை ஒரு நாள். கடலில் மூழ்கிய ஊரைத் தேடிப் போகிறவர்களுக்கு, மூழ்கி மூழ்கி நேரம் சொல்லும் கிண்ணத்தைவிட வேறென்ன கடிகாரம் வேண்டும்?

கிண்ணத்தை மிதக்க விடும் நீரைப் பற்றியும் சொல்ல வேண்டும். தனுஷ்கோடியில் முதல் முறை அதைப் பார்த்தபோது நம்ப முடியவில்லை. இரண்டு பக்கமும் உப்புக் கடல். நடுவில் ஒரு பெண் குந்தி உட்கார்ந்து, கையாலேயே மணலைத் தோண்டிக்கொண்டிருந்தார். முழங்கை ஆழம்கூட இருக்காது. கலங்கலாகக் கொஞ்சம் நீர் ஊறியது. அதைச் சிரட்டையால் மொண்டு வெளியே ஊற்றினார், மறுபடி ஊறியது, மறுபடி ஊற்றினார். மூன்றாவது முறை தெளிந்து நின்றதைக் குடத்தில் மொள்ளத் தொடங்கினார். எனக்கும் ஒரு சிரட்டை கொடுத்தார். நல்ல தண்ணீர், துளி உப்பில்லை.

சடங்கின் முதல் செயல் அப்படியே இதிலிருந்து வந்தது. காப்புக்காரி ஊற்று தோண்டுகிறாள். இரண்டு முறை கலங்கலை இறைத்து, மூன்றாம் முறை தெளிந்த நீரில் வட்டிலை விடுகிறாள். அது நீரைத் தொட்டதும் காப்பு வரி தொடங்குகிறது.

இனி கணக்கு. இதைச் சோம்பல் படாமல் செய்யுங்கள். ஒரு எண்ணிக்கைக்கு ஒரு நொடி என்று வைத்தால், காப்பு நாலு வரி, வரிக்கு ஏழு, ஒவ்வொன்றையும் முன்பாட்டும் பின்பாட்டுமாக இரண்டு முறை: 56 நொடி. தலைக்கணக்கு ஆளுக்கு எட்டு நொடி, ஐந்து பேருக்கு 40. அடுத்து வரப்போகிற அந்தாதி ஆறு வரி, அதே மாதிரி இரண்டு முறை: 84. கூட்டினால் 180 நொடி, சரியாக மூன்று நிமிடம். எட்டுச் சுற்று பாடினால் 24 நிமிடம். எட்டாம் சுற்றின் கடைசி வரியில் வட்டில் முழுக வேண்டும். மறுகரையில் கடிகாரம் எதையும் நம்ப முடியாது, ஆனால் எட்டுச் சுற்று பாடியாயிற்று என்றால் இந்தக் கரையில் ஒரு நாழிகை கழிந்தது என்று அவர்களுக்குத் தெரியும். கேட்கிறவருக்கு இந்தக் கணக்கை நீங்கள் சொல்லவே வேண்டாம். உங்களுக்குத் தெரிந்திருந்தால் காட்சியில் பொய் வராது.

அந்தாதி: நினைவைச் சோதிக்கும் சங்கிலி

ஒரு வரியின் கடைசிச் சொல் அடுத்த வரியின் முதல் சொல்லாக வருவது அந்தாதி. கடைசி வரி மீண்டும் முதல் சொல்லில் வந்து சேர்ந்தால் மண்டலித்தது என்பார்கள். மனப்பாடம் செய்கிறவருக்கு இதைவிட நல்ல துணை இல்லை. வரிகளை முன்பின் மாற்ற முடியாது, நடுவில் ஒன்றை விட முடியாது, புதிதாக ஒன்றைச் செருகவும் முடியாது. செருகினால் கொக்கி மாட்டாது.

மணலே மணலே வழி சொல்லு
சொல்லு மறந்தா தடம் காட்டு
காட்டுத் தாழை மறைக்குது வீடு
வீடு இருந்த இடமெல்லாம் விளக்கு
விளக்கு அணைஞ்சா வருமே கடலு
கடலு திருப்பித் தருமே மணலு

முதல் வரியில் 'சொல்லு' ஏவல். இரண்டாம் வரியில் அதே 'சொல்லு' பேச்சு, வார்த்தை. 'காட்டு' என்பதும் அப்படியே காண்பிப்பதிலிருந்து காட்டுக்குள் போய்விடுகிறது. ஒரே சொல் இரண்டு வரியில் இரண்டு பொருளில் நிற்பது, ஒரே ஊர் இரண்டு காலத்தில் நிற்பதற்கு நான் கண்ட வழி. நம் மொழியில் இப்படித் திரும்பும் சொற்கள் கொட்டிக் கிடக்கின்றன: படி, ஓடு, திரை, வேலை. ஒரு தாளில் ஐம்பது எழுதிக்கொண்டு, அவற்றிலிருந்து சங்கிலியைக் கோர்க்கப் பாருங்கள். வரியை முதலில் எழுதிவிட்டுச் சொல்லைப் பொருத்தப் போனால் திணறும்.

இனி சோதனை. மறுகரையில் அந்த ஊர் அழியவே இல்லை. அங்கே கொஞ்ச நேரம் நின்றவருக்கு, வீடு 'இருந்த' இடம் என்று பாட வாய் வராது. நாலாம் வரியை அவர் "வீடு இருக்கு இடமெல்லாம் சனம்" என்று பாடிவிடுகிறார். தான் சரியாகப் பாடியதாகத்தான் நினைக்கிறார். ஆனால் அடுத்தவர் 'விளக்கு' என்று எடுக்கிறார், கொக்கி மாட்டவில்லை. பாட்டு நிற்கிறது. யாருடைய நினைவு கரைய ஆரம்பித்திருக்கிறது என்று எல்லோருக்கும் தெரிந்துவிட்டது, அவருக்கும் தெரிந்துவிட்டது. ஒருவரை மற்றவர்கள் திரும்பிப் பார்க்கிற அந்த நொடிதான் கதையின் மையக் காட்சி.

வாத்தியம்

உடுக்கை ஒன்று போதும். இடுப்பு சிறுத்து இரண்டு பக்கமும் விரிந்த அதன் வடிவத்தைப் பாருங்கள், மணற்கடிகாரம் போலவே இருக்கும். இரண்டு முகம், நடுவில் ஒரு குறுகல். குறுகலில் சுற்றியிருக்கும் கயிற்றைப் பிடித்த கை அழுத்தினால் சுருதி ஏறும், விட்டால் இறங்கும். காப்பு வரிக்குத் தளர்த்திய கை, அந்தாதிக்கு அழுத்திய கை. கேட்கிறவருக்குக் காட்சி மாறியது காதிலேயே தெரிந்துவிடும். ஒலி நாடகத்தில் எதிரொலி சேர்க்காதீர்கள். திறந்த மணல்வெளியில் எதிரொலி கிடையாது.

இரங்கல்

எங்கள் அப்பத்தா இறந்தபோது நான் சின்னப் பையன். பெரிய அத்தை வெளியூரிலிருந்து வந்தார். வாசல்படியில் கால் வைத்ததும் குரல் எடுத்தார். நாலைந்து பெண்கள் தோளைக் கட்டிக்கொண்டு வட்டமாக உட்கார்ந்தார்கள். நெஞ்சை அறுக்கிற பாட்டு அது. நடுவில் சட்டென்று நிறுத்தி, "பிள்ளைகளுக்குக் காப்பித்தண்ணி குடுத்தீங்களாடி?" என்று கேட்டார். உள்ளேயிருந்து "குடுத்தாச்சு அத்தாச்சி" என்று பதில் வந்தது. விட்ட அதே சுருதியில் அடுத்த வரியை எடுத்தார்.

சடங்குப் பாட்டு எழுத உட்காரும்போதெல்லாம் அதை நினைத்துக்கொள்வேன். உண்மையான சடங்கு இடைவிடாமல் உருகிக்கொண்டே இருக்காது. நடுவில் தீப்பெட்டி தேடுவார்கள், ஒருவர் இருமுவார். உங்கள் காட்சியிலும் அதற்கு இடம் கொடுங்கள். என் காப்புக்காரி, நடுச்சுற்றில் ஒரு நண்டை ஊற்றுக்குள் விழாமல் தள்ளிவிட்டுக்கொண்டே பாடுகிறாள்.

ஒப்பாரிக்கு இன்னொரு விதியும் உண்டு. சாவு விழாத வீட்டில் அதைப் பாட மாட்டார்கள். சும்மா பாடிக் காட்டுங்கள் என்று கேட்டால் பெரியவர்கள் மறுத்துவிடுவார்கள், கேட்டதற்கே திட்டும் விழும். பாட்டுக்குப் பலம் உண்டு என்று நம்புகிறவர்களின் பயம் அது. இதை வைத்து, மறுகரைப் பாட்டின் இரங்கல் பகுதியைக் கூரைக்குக் கீழே பாடக் கூடாது, பழகக்கூடக் கூடாது என்று வைத்தேன். எனவே குழுவில் புதிதாக வந்தவள் அதை முதல்முறை கேட்பதே கடற்கரையில்தான். அவளோடு சேர்ந்து நாமும் முதல்முறை கேட்கிறோம்.

இரண்டே வரி:

போனவங்க பேரச் சொல்ல எங்களுக்கு வாயில்ல
போன வழி பாத்து நிக்க எங்களுக்குக் கண்ணுண்டு

இதைப் பாடும் நேரம் மட்டும் வட்டிலை நீரிலிருந்து எடுத்துக் கையில் ஏந்திக்கொள்வாள் காப்புக்காரி. அந்த நேரம் கணக்கில் சேராது.

இங்கே கொஞ்சம் நிறுத்தி ஒன்று சொல்ல வேண்டும். அந்தப் புயலில் இறந்தவர்களின் பிள்ளைகளும் பேரர்களும் இருக்கிறார்கள். அங்கே இன்றும் குடிசை போட்டு மீன்பிடிக்கிற குடும்பங்கள் இருக்கின்றன. அந்தத் துயரத்தை எடுத்து, கதாநாயகன் ஓடிப்போய் ரயிலை நிறுத்தினான் என்று எழுத எனக்கு மனம் வரவில்லை. நீங்களும் எழுத வேண்டாம் என்றே கேட்டுக்கொள்வேன். மறுகரையார் பார்க்கப் போகிறார்கள். புயல் வராத ஊரில் அந்த மனிதர்கள் எப்படி இருந்திருப்பார்கள் என்று பார்த்து, நினைவில் வைத்துக்கொண்டு திரும்புகிறார்கள். இறந்தவர் யாருடைய பெயரையும் பாட்டில் வைக்கவில்லை, கற்பனைப் பெயரும் வைக்கவில்லை.

வாயில் போட்டுப் பார்ப்பது

எழுதி முடித்ததும் தாளைக் கவிழ்த்து வையுங்கள். எழுத்தாளர் அல்லாத ஒருவருக்கு வாய்வழியாக மூன்றே முறை சொல்லிக்கொடுங்கள். மறுநாள் பாடச் சொல்லிக் கேளுங்கள். அவர் மறந்த வரி உங்கள் பலவீனமான வரி. அவர் மாற்றிய சொல், பெரும்பாலும் உங்கள் சொல்லைவிட நல்லது.

அந்தாதியின் இரண்டாம் வரியை நான் "சொல்லு மறந்தா சுவட்டக் காட்டு" என்று எழுதியிருந்தேன். நண்பரின் அம்மா காய் நறுக்கிக்கொண்டே கேட்டவர், மறுநாள் "தடம் காட்டு" என்று பாடினார். அம்மா, அங்கே சுவடு என்று வரும் என்றேன். "அது காப்புலயே வந்துருச்சேப்பா, ஒரு சொல்ல எத்தனை தடவ காவல் வைப்ப?" என்று கேட்டார். அன்றைக்கே மாற்றிவிட்டேன்.

பாட்டைக் கதையில் முழுதாக ஒரே இடத்தில் கொட்டிவிடவும் வேண்டாம். முதலில் ஒருவர் இன்னொருவருக்குக் கற்றுக்கொடுக்கும்போது துண்டு துண்டாகக் காட்டுங்கள். நாம் கற்றுக்கொள்வதும் அப்போதுதான். அடுத்து ஒருமுறை முழுதாக, பிழையில்லாமல். அதன் பிறகு ஏதாவது ஒன்று தவறும்போது நமக்கே அது தவறு என்று தெரியும். நமக்கும் கதைமாந்தருக்கும் ஒரே நேரத்தில் தெரிவதற்காகத்தான் பாட்டு இவ்வளவு சிறியதாக இருக்க வேண்டும்.

மீட்சி

திரும்பி வந்ததும் புதுப் பாட்டு கிடையாது. அதே நாலு காப்பு வரிகள்தான். ஒரே ஒரு சொல் மாறுகிறது.

வாடைக் காத்தே வாசல் கண்டோம்
கொண்டக் காத்தே கூரை கண்டோம்
சோழகமே சுவடு கண்டோம்
கச்சானே கணக்குக் கண்டோம்

'கா' என்று ஒற்றை எழுத்தில் நின்ற இடத்தில் 'கண்டோம்' வந்ததும், ஏழாக இருந்த வரி எட்டாகிவிடுகிறது. இவ்வளவு நேரம் நொண்டி நடந்த தாளம் நேரே நிற்கிறது. உடுக்கைக்காரருக்குச் சொல்லிவையுங்கள், அந்த எட்டாவது தட்டை அதுவரை எங்கேயும் தவறிக்கூடப் போட்டுவிடக் கூடாது. கேட்கிறவருக்கு எண்ணிக்கை தெரியாது, ஆனால் காது அந்த ஒரு தட்டுக்காகத்தான் காத்திருக்கும்.

நாலாம் வரியைப் பாடும் முன் தலைக்கணக்கை ஒருமுறை எடுக்க வேண்டும். இப்போது ஐந்தாம் கேள்விக்கு இடைவெளி விட வேண்டியதில்லை, அவள் எதிரில் நிற்கிறாள், பதில் நேரே காதில் விழும். ஐந்து பதிலும் வந்தால் மட்டுமே கடைசி வரி. ஒன்று குறைந்தால் மூன்று வரியோடு நிறுத்திவிட்டு, வட்டிலை மறுபடி நீரில் விட்டு உட்கார வேண்டும், காப்பு அவிழாது. ஐந்தும் வந்தால் கடைசி வரியைப் பாடிவிட்டுக் காப்பை அவிழ்க்கலாம். அவிழ்த்த நூலை ஊற்றுக்குள் போட்டு, ஐந்து பேரும் ஆளுக்கு ஒரு கை மணல் தள்ளி அதை மூட வேண்டும். அதற்குள் ஆண்கடல் பக்கம் காற்று மாறியிருக்கும். யாமம் தொடங்கும் முன் சாலைக்கு வந்துவிடுவது முறை.